பதில்: பொல்தாவா போருக்கு மூன்று தேதிகள்
ரஷ்யாவும் சுவீடனும் மோதிய பொல்தாவா போரின் தேதி நூலுக்கு நூல் 1709 ஜூன் 27, ஜூன் 28, ஜூலை 8 என்று வேறுபடுவதால் கட்டுரையில் எதை எழுதுவது என்று கேட்டிருந்தீர்கள். மூன்றும் ஒரே நாள்தான். ரஷ்யா பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்தது; அதன்படி ஜூன் 27. சுவீடனோ, இன்று நாம் பயன்படுத்தும் கிரிகோரியன் நாட்காட்டிக்குப் படிப்படியாக மாறுவதற்காக 1700இல் பிப்ரவரி 29ஐ மட்டும் விட்டுவிட்டு, அந்தச் சீர்திருத்தத்தைத் தொடராமல் நிறுத்திக்கொண்டதால், ரஷ்யாவுக்கு ஒரு நாள் முன்னும் கிரிகோரியனுக்குப் பத்து நாள் பின்னுமாக, எவரோடும் ஒட்டாமல் இருந்தது; அதன்படி ஜூன் 28. (1712இல் பிப்ரவரி 30 என்றொரு நாளைச் சேர்த்தே இந்தக் கோணலை நிமிர்த்தினார்கள்.) கட்டுரை முழுவதும் கிரிகோரியன் தேதியையே (போருக்கு ஜூலை 8) பின்பற்றுங்கள். சுவீடன் மன்னர் பன்னிரண்டாம் சார்லஸ் பாதத்தில் குண்டடி பட்ட நாளை ஒரு நூலிலிருந்தும், தூக்குப் படுக்கையில் கிடந்தபடி அவர் களத்துக்கு வந்த நாளை இன்னொன்றிலிருந்தும் எடுத்தால், இடைவெளியே பத்துப் பதினொரு நாள் பிசகிவிடும்.