அம்மாவுக்கு எந்த அட்டை?

கேள்வி: தென்னாப்பிரிக்காவில் டர்பனில், மவுண்ட் எட்ஜ்கோம்ப் பக்கம் செக்யூரிட்டி கேட் உள்ள குடியிருப்பில் இருக்கிறோம். அடுத்த மாதம் மகளுக்கு நிச்சயதார்த்தம். மாப்பிள்ளை வீட்டில் எல்லாரும் டாக்டர்கள். சாட்ஸ்வொர்த்தில் இருக்கும் என் அம்மா, யாரைக் கண்டாலும் கரும்புத் தோட்டம், தையல் ஃபேக்டரி என்று பழங்கதை பேசுவார். (அடிக்கடி வருகிறாரே என்று, வீட்டு வேலைக்காரர்களுக்கான கேட் அட்டை ஒன்றை எடுத்துக் கொடுத்திருக்கிறேன்.) அன்று அதிகம் பேசாதீர்கள் என்று மனம் நோகாமல் அவரிடம் எப்படிச் சொல்வது?

பதில்: சம்பந்தி முன்னால் பெரியவர்கள் வாயை எப்படி அடைப்பது என்று கேட்டு எத்தனையோ கடிதங்கள் வந்துவிட்டன. அது கிடக்கட்டும். அடைப்புக்குறிக்குள் ஒரு வரி எழுதினீர்களே, அதைப் பேசுவோம்.

பெற்ற தாய்க்கு வேலைக்காரி அட்டையா, சகோதரி? குடும்பத்தார் என்று பதிய அங்கே வழியே இல்லையா? சாட்ஸ்வொர்த்திலிருந்து பஸ்ஸில் வந்து இறங்குபவர் உங்கள் அம்மா என்று கேட்டில் இருப்பவருக்குத் தெரிவதே உங்களுக்குக் கூச்சம். எனக்கு அப்படித்தான் படுகிறது. வீட்டு வேலை கேவலமில்லை. அந்த வேலைக்கு வருகிறவர் உழைப்புக்காக உள்ளே வருகிறார். உங்கள் அம்மா உரிமையோடு வர வேண்டியவர்.

நீங்கள் வீடு கட்டியிருக்கும் பகுதி முழுக்க ஒரு காலத்தில் கரும்பு. 1860 நவம்பர் 16 அன்று மதராஸிலிருந்து ‘ட்ரூரோ’ கப்பல் டர்பன் வந்தது முதல் 1911 வரை, ஒன்றரை லட்சம் பேருக்கு மேல் ஒப்பந்தக் கூலிகளாக, டர்பன் இருக்கும் இந்த நேட்டாலுக்கு வந்தார்கள். ஆளுக்கொரு எண். முதல் வருடம் மாதத்துக்கு 10 ஷில்லிங். முதலாளி எழுதிக் கொடுத்த சீட்டு இல்லாமல் தோட்டத்தை விட்டு வெளியே போனால் தண்டனை. அவர்கள் வம்சத்தில் வந்த ஒருத்தி, அதே மண்ணில் இன்று பொய்ச் சீட்டைக் காட்டி உள்ளே வருகிறார். கொடுத்தது வெள்ளைக்கார முதலாளி இல்லை, பெற்ற மகள். அவர் தைத்துச் சம்பாதித்த காசில்தானே நீங்கள் வளர்ந்தீர்கள்?

டாக்டர் சம்பந்திகள் என்ன நினைப்பார்களோ என்று பயப்படுகிறீர்கள். அவர்கள் முன்னோர்களும் அநேகமாக அதே கப்பல்களில் வந்தவர்கள்தான். கரும்புத் தோட்டக் கதை கேட்டு முகம் சுளிக்கிற வீடு என்றால், அது கல்யாணத்துக்கு முன்பே உங்கள் மகளுக்குத் தெரிவது நல்லது.

நாளைக்கே அம்மாவை உங்கள் குடியிருப்பு ஆபீசுக்குக் கூட்டிப்போய், அந்த அட்டையைத் திருப்பிக் கொடுத்து, ‘தாய்’ என்று பதியுங்கள். நிச்சயதார்த்தத் தட்டை அவர் கையால் மாற்றச் சொல்லுங்கள். அப்புறம் அவர் எதைப் பேசினாலும் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். அட்டையை மாற்றாமல் எனக்கு இன்னொரு கடிதம் போட வேண்டாம்.