மகளைப் பிராகில் நடிப்புப் படிக்க அனுப்பலாமா?

அன்புள்ள அம்மாவுக்கு,

மகள் செக் நாட்டுத் தலைநகர் பிராக் போய் நடிப்புப் படிக்க ஆசைப்படுகிறாள் என்றும், அங்கே ஆட்சி மாறிய போதெல்லாம் நடிகர்களின் பிழைப்பில் மண் விழுந்த கதைகளைப் படித்ததிலிருந்து தூக்கமே வரவில்லை என்றும் எழுதியிருக்கிறீர்கள். பயம் நியாயமானதுதான். ஆனால் அந்த நடிகர்கள் இழந்தது எதை, அவர்கள் கையில் மிஞ்சியது எது என்று பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

செக் நடிகர் ருடால்ஃப் ஹ்ருஷின்ஸ்கியை எடுத்துக்கொள்வோம். 1920இல், ஊர் ஊராகப் போய் நாடகம் போடும் குடும்பத்தில் பிறந்தவர். நாஜிகள் நாட்டைப் பிடித்திருந்தபோதும் நடித்தார், கம்யூனிஸ்ட் ஆட்சியிலும் நடித்தார். 1956இல், புகழ்பெற்ற செக் நாவலின் நாயகனான சிப்பாய் ஷ்வேய்க்காகத் திரையில் வந்தபின் அவரைத் தெரியாத செக் வீடு இல்லை. 1960இல் பிராக் தேசிய நாடக அரங்கில் நிரந்தர நடிகராகச் சேர்ந்தார். அவரைப் பின்னாளில் தாங்கிப் பிடித்தது இந்த வேலைதான்.

1968 ஜூனில், கம்யூனிஸ்ட் ஆட்சிக்குள்ளேயே தொடங்கிய சீர்திருத்தத்தை ஆதரித்து ‘இரண்டாயிரம் சொற்கள்’ என்ற அறிக்கை வெளியானது. அதில் அவரும் கையெழுத்திட்டார். ஆகஸ்டில் அந்தச் சீர்திருத்தத்தை நசுக்க சோவியத் டாங்கிகள் நாட்டுக்குள் நுழைந்தன. அடுத்த ஆண்டு யுராய் ஹெர்ட்ஸ் இயக்கத்தில் ‘பிணம் எரிப்பவர்’ வந்தது. அதில் அவர் தகன மேடை ஊழியர். சவப்பெட்டியில் கிடப்பவருக்குத் தலைவாரி விடுவார். அதே சீப்பால் தன் தலையையும் வாரிக்கொள்வார். நாஜிகளின் பேச்சில் மயங்கிக் கொலைகாரனாக மாறும்போதும் குரல் மென்மையாகவே இருக்கும். மகளைக் கட்டாயம் பார்க்கச் சொல்லுங்கள். இந்தத் தொழில் எவ்வளவு ஆழமானது என்று புரியும். அந்தப் படம் திரையரங்குகளிலிருந்து எடுக்கப்பட்டு, 1989இல் ஆட்சி கவிழும்வரை முடங்கிக் கிடந்தது.

கையெழுத்துக்கு விலையாகச் சில ஆண்டுகள் அவருக்கும் சினிமாக் கதவு சாத்தப்பட்டது. நாடக மேடை மட்டும் இருந்தது. திரைக்குத் திரும்பி, 1985இல் இயக்குநர் யிர்ஷி மென்செலின் படத்தில் கிராமத்து டாக்டராக வந்தபோது மக்கள் கொண்டாடினார்கள். 1990 தேர்தலில் நாடாளுமன்றத்துக்கும் போனார்.

எல்லோருக்கும் இப்படி அமையவில்லை என்பதையும் உங்களிடம் மறைக்கக் கூடாது. ‘பிணம் எரிப்பவர்’ படத்தில் ஹ்ருஷின்ஸ்கியின் மனைவியாக நடித்த விளாஸ்தா க்ரமொஸ்தொவாவுக்கு சினிமா, மேடை இரண்டுமே போயின. மனித உரிமை கேட்ட ‘சாசனம் 77’இல் அவர் கையெழுத்திட்டார். பிறகு சொந்த வீட்டிலேயே ‘மேக்பெத்’ நாடகம் போட்டார். அதில் நடித்த பாவெல் லாண்டோவ்ஸ்கி வியன்னாவுக்குப் போய், அங்கே பர்க் அரங்கில் வேலை பார்த்தார். இவர்களை நினைத்தால் எனக்குக் கைகூப்பத் தோன்றுகிறது. ஆனாலும் எந்தத் தாயும் பிள்ளைக்கு இந்தப் பாதையை விரும்பிக் கேட்க மாட்டாள்.

இன்று அங்கே அந்தக் கெடுபிடி இல்லை. இன்றைய கவலை வருமானம். அரசே படம் எடுத்த காலம் 1989க்குப் பின் முடிந்துவிட்டது. இப்போது சினிமா என்றால் படத்துக்குப் படம் வாய்ப்புத் தேட வேண்டும். மாதச் சம்பளம் நாடகக் குழுக்களில்தான். பிராகில் மட்டுமல்ல, பர்னோ, ஆஸ்ட்ராவா, பில்சென் போன்ற ஊர்களிலும் நிரந்தரக் குழுக்கள் உண்டு. பல நடிகர்கள் டப்பிங், வானொலி என்று கூடுதலாகச் சம்பாதிக்கிறார்கள். இவை எல்லாவற்றுக்கும் செக் மொழி பிசிறில்லாமல் வர வேண்டும். அங்கே போய்ப் பழகிக்கொள்ளலாம் என்று மகள் சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள்.

பலர் குழப்பிக்கொள்ளும் ஒரு விஷயம்: ஃபாமு என்பது இயக்கம், ஒளிப்பதிவு போன்றவற்றுக்கான திரைப்படப் பள்ளி. நடிப்புக்கு டாமு. இரண்டும் ஒரே கலைக் கழகத்தின் பிரிவுகள். டாமுவில் நடிப்பை முக்கியமாகச் செக் மொழியில்தான் கற்பிக்கிறார்கள். அரசுப் பல்கலைக்கழகங்களில் செக் மொழியில் படித்தால் வெளிநாட்டு மாணவர்களுக்கும் கல்விக் கட்டணம் கிடையாது. தங்கும் செலவு, சாப்பாட்டுச் செலவு உங்களுடையது. ஆங்கில வழிப் படிப்புகளுக்குக் கட்டணம் உண்டு.

மகளிடம் நேராகக் கேளுங்கள்: சினிமா வாய்ப்பே வராமல், சிறிய ஊர் ஒன்றில் வாரம் நான்கு நாள் மேடையேறும் வேலை கிடைத்தால் சந்தோஷமாகப் போவாளா? தயங்கினால் இப்போதைக்கு விண்ணப்பிக்க வேண்டாம். உடனே சரி என்றால், இந்த வாரமே செக் மொழி வகுப்பில் சேர்த்துவிடுங்கள். ஒரு வருடம் விடாமல் படித்தபின் அழைத்து வாருங்கள், நுழைவுத் தேர்வுக்கு என்ன தயார் செய்வது என்று மூவரும் உட்கார்ந்து பேசலாம்.