ஓனாப்ரிஸ்டோன் என்ற மருந்து என்ன செய்தது? அது ஏன் விற்பனைக்கு வரவில்லை?

ஓனாப்ரிஸ்டோன், புரோஜெஸ்டிரோன் ஹார்மோனின் வேலையைத் தடுக்கும் ஒரு சோதனை மருந்து. ஜெர்மனியின் ஷெரிங் நிறுவனம் உருவாக்கியது. முக்கியமாக மார்பகப் புற்றுநோய்க்காகச் சோதிக்கப்பட்டது.

ஹார்மோன் ரத்தத்தில் சுற்றுவதால் மட்டும் எதுவும் நடந்துவிடாது. செல்லுக்குள் அதற்கென்று ஓர் ஏற்பி இருக்கிறது. ஹார்மோன் அதில் போய் ஒட்டினால்தான் 'வளர், பெருகு' என்ற உத்தரவு மரபணுக்களுக்குப் போகும். சில மார்பகப் புற்றுநோய் செல்கள் இந்த உத்தரவையும் பயன்படுத்திக்கொண்டு வளர்கின்றன. ஓனாப்ரிஸ்டோன் அந்த ஏற்பியை முந்திக்கொண்டு பிடித்துக்கொள்ளும். அதிகாரியின் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்துகொண்டு எந்தக் கோப்பிலும் கையெழுத்துப் போடாமல் இருப்பதைப் போல: அதிகாரி வாசலில்தான் நிற்கிறார், ஆனால் வேலை நகராது.

சரி, மருந்து பலன் தந்ததா? தந்தது என்பதுதான் வருத்தம். 1999-இல் வெளியான 19 பேர் கொண்ட ஒரு சிறிய ஆய்வில், பாதிக்கும் மேற்பட்டோருக்குக் கட்டி சுருங்கியது. ஆனால் சிலரின் ரத்தப் பரிசோதனையில் கல்லீரல் நொதிகள் உயர்ந்திருந்தன. மாதக்கணக்கில் சாப்பிட வேண்டிய மருந்து கல்லீரலைத் தொந்தரவு செய்தால் அதைச் சும்மா விட முடியாது. அதனால், அந்த ஆய்வின் முடிவு வெளியாவதற்கு முன்பே, 1990-களின் நடுப்பகுதியிலேயே மருந்தின் மேம்பாட்டை நிறுத்திவிட்டார்கள். அந்த எச்சரிக்கை சரியானது என்றே நினைக்கிறேன். பிற்பாடு, மெதுவாகக் கரையும் மாத்திரையாகவும் அதைச் சோதித்துப் பார்த்தார்கள்.

ஹார்மோன் தடுப்பு மருந்து என்றாலே உடலில் ஹார்மோன் சுரப்பதை நிறுத்திவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படிச் செய்யும் மருந்துகளும் உண்டு, ஆனால் ஓனாப்ரிஸ்டோன் தடுத்தது சுரப்பை அல்ல, ஏற்பியை.