விழுந்த பல்லை யார் கூரையில் எறிந்தது?

கேள்வி: எஸ்தோனியாவில், தாலின் நகரில் சினிமா படிக்கிறேன். சோவியத் காலத்துப் பெண் இயக்குநர் லெய்டா லாயுஸ் பற்றி ஆய்வேடு. மாஸ்கோவின் கெடுபிடிக்கு நடுவே எப்படிப் படம் எடுத்தார் என்று மலைத்துப்போய் எழுத்து நகரவில்லை. இன்னும் ஒரு வருடம் அவகாசம் கேட்கலாமா? மகளைப் பற்றிக் கவலையில்லை. ஆறு வயது, ஊரில் அம்மா பார்த்துக்கொள்கிறார். வீடியோ காலில் ‘சிரி’ என்றால் வாயை மூடியபடியே சிரித்துவிட்டு ஓடிவிடுவாள்.

பதில்: மகளே, அவகாசம் கிடக்கட்டும். ஆறு வயதுப் பிள்ளை எதற்கு வாயை மூடிக்கொண்டு சிரிக்கும்? முன்பல் விழுந்திருக்கும். அது உனக்குத் தெரிந்திருந்தால் கடிதத்தில் எழுதியிருப்பாய். ‘கவலையில்லை’ என்ற சொல்லை இந்தப் பக்கத்துக்கு வரும் கடிதங்களில் நிறையப் பார்த்துவிட்டேன். கவலை இல்லாதவர்கள் அதை எழுதுவதே இல்லை.

லாயுஸைப் பார்த்து மலைத்தது போதும். 1923இல் பிறந்தவர், நாடக நடிகை, அதன்பிறகு மாஸ்கோ திரைப்படக் கல்லூரி. முதல் முழுநீளப் படம் 1965இல் வந்தபோது வயது 42. தாலின்ஃபிலிம் ஸ்டுடியோவை விட்டால் வேறு கதியில்லை. திரைக்கதைக்கு மாஸ்கோவின் சம்மதமும் வேண்டும். 1988 வரை முழுநீளக் கதைப்படங்கள் ஆறுதான். ஒன்றுக்கும் அடுத்ததற்கும் நடுவே ஐந்தாறு வருடம்கூட ஓடியிருக்கிறது. அவருக்கு இருந்தது மேலிடத்துத் தடை. உன்னை யார் தடுத்தார்கள்?

இசையமைப்பாளர் ஆர்வோ பார்ட்டின் வால்ட்ஸ் இசைக்காகவே லாயுஸின் ‘உகுவாரு’ படத்தைப் பத்துத் தரம் பார்த்திருப்பாய். சரி, 1985இல் இன்னொரு இயக்குநர் ஆர்வோ இஹோவுடன் சேர்ந்து அவர் எடுத்த படத்துக்கு வா. அநாதை விடுதிப் பிள்ளைகளின் கதை. சோவியத் மண்ணில் பிள்ளைகளுக்குக் குறையே இல்லை என்று அரசு சொல்லிக்கொண்டிருந்த காலத்தில், அந்த விடுதிக்குள் கேமராவை வைத்தார். 1987இல் பெர்லினில் யுனிசெஃப் பரிசும் வாங்கியது. படத்தின் பெயர் என்ன? ‘நாயெராட்டா ஒமெட்டி’. நம் பேச்சில் சொன்னால், ‘கொஞ்சம் சிரியேன்’. அதே வார்த்தையைத்தான் நீ வாராவாரம் போனில் சொல்லிக்கொண்டிருக்கிறாய். ஆய்வு செய்கிறவளுக்கு இது உறைக்கவில்லையா?

அடுத்து 1988 படம். சிறையிலிருந்து வரும் வாலென்டினா, தான் விட்டுப்போன மகனைத் தேடுகிறாள். பையன் இன்னொரு வீட்டில் நன்றாகவே வளர்கிறான். அந்த ‘நன்றாகவே’தான் அவளுக்கு விழுந்த அடி.

பெற்றவள் படிக்கக் கூடாது என்று சொல்கிற ஆள் நானில்லை. ஆனால் பிள்ளையை வளர்ப்பதைப் பாட்டியிடம் மொத்தமாக ஒப்படைத்துவிட்டுக் கவலையில்லை என்று எழுதுவதை நான் ஏற்க மாட்டேன். (உன் கணவரைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. இருந்தால், இந்தத் திட்டில் பாதி அவருக்கு.)

ஒரு வருடம் வேண்டாம், மூன்று மாதம் கேள். முதல் மாதம் ஊரில் இரு. போனதும் போனை நீட்டி ‘சிரி’ என்று நிற்காதே. அவளாக வாயைத் திறக்கும்வரை பக்கத்தில் உட்கார்ந்திரு. விழுந்த பல்லைக் கூரையில் எறிந்தது யார் என்று அவளே சொல்வாள். அடுத்து ஆடுவது எந்தப் பல் என்று நீ கேள்.