இடி அமீன் ஆட்சியில் உகாண்டாவின் சாதாரண மக்கள் எப்படி வாழ்ந்தார்கள்?

சில வருடங்கள் உகாண்டாவின் தலைநகர் கம்பாலாவில் கணக்கராக வேலை பார்த்தேன். அமீன் காலத்தை நான் பார்த்ததில்லை. ஆனால் பார்த்தவர்கள் பக்கத்து மேஜையில் இருந்தார்கள். அவர்கள் சொல்லிக் கேட்டது, அப்புறம் தேடிப் படித்தது, இரண்டும் சேர்ந்த பதில் இது.

நம் ஊரில் இடி அமீன் என்பது கண்டிப்பான ஹெட்மாஸ்டருக்கு வைக்கும் பட்டப்பெயர். மனித மாமிசம் தின்றார், ஃப்ரிட்ஜில் தலையை வைத்திருந்தார் என்ற துணுக்குகளைப் படித்து வளர்ந்தவர்கள் நாம். அவற்றுக்கு உறுதியான ஆதாரம் கிடையாது. கம்பாலாவில் வயதானவர்களிடம் பேச்சுக் கொடுத்துப் பாருங்கள், அந்தக் கதைகளை எடுக்கவே மாட்டார்கள். சர்க்கரையைப் பற்றிச் சொல்வார்கள், ரேடியோவைப் பற்றிச் சொல்வார்கள், வீட்டுக்குத் திரும்பாத யாரோ ஒருவரைப் பற்றிச் சொல்வார்கள்.

1971 ஜனவரி 25 அன்று, அதிபர் ஒபோடே காமன்வெல்த் மாநாட்டுக்காக சிங்கப்பூர் போயிருந்த நேரத்தில் அமீன் ஆட்சியைப் பிடித்தார். அன்று கம்பாலாத் தெருக்களில் மக்கள் ஆடிப் பாடினார்கள். இதை நம்மவர்கள் பெரும்பாலும் எழுதுவதில்லை. கம்பாலாவைச் சுற்றி வாழும் பகாண்டா இன மக்களுக்கு ஒபோடே மேல் தீராத கோபம். 1966இல் அவர்களுடைய அரசர் கபாகாவின் அரண்மனையைத் தாக்கி அவரை நாட்டைவிட்டே ஓட வைத்தவர் அவர். அந்தப் படையை நடத்திப் போனதே அமீன்தான். ஆனாலும் லண்டனில் இறந்துபோன கபாகாவின் உடலைக் கொண்டுவந்து அரச மரியாதையோடு அடக்கம் செய்ததும் அந்தக் கணக்கை நேர் செய்துகொண்டார்கள்.

ஒபோடே சிறையில் வைத்திருந்த அரசியல் கைதிகளையும் அமீன் விடுவித்தார். அவர்களில் ஒருவர் பெனடிக்டோ கிவானுக்கா. வெளியே வந்தவரை அமீனே தலைமை நீதிபதி ஆக்கினார். சட்டவிரோதமாகப் பிடித்து வைக்கப்பட்டிருந்த ஒரு பிரிட்டிஷ்காரரை விடுதலை செய்ய கிவானுக்கா உத்தரவிட்டார். 1972 செப்டம்பரில், பட்டப்பகலில், உயர் நீதிமன்றத்துக்குள்ளேயே ஆட்கள் வந்து அவரை இழுத்துப் போனார்கள். உடல்கூடக் கிடைக்கவில்லை. தலைமை நீதிபதிக்கே இந்த கதி என்றால் தாலுகா ஆபீஸ் குமாஸ்தா எம்மாத்திரம்?

ஆள் தூக்கும் வேலையைச் செய்தவை முக்கியமாக இரண்டு அமைப்புகள். ஒன்றுக்குப் பெயர் பொதுப் பாதுகாப்புப் பிரிவு. இன்னொன்று நகசேரோ குன்றில் இருந்த அரசு ஆராய்ச்சிப் பணியகம். பேரைக் கேட்டால் ஏதோ புள்ளிவிவரத் துறை மாதிரி இருக்கும். அதன் ஆட்கள் சீருடை போட மாட்டார்கள். பூப்போட்ட சட்டை, பெல்பாட்டம், கறுப்புக் கண்ணாடி. அந்தக் கால சினிமா ஹீரோ மாதிரியே இருப்பார்கள். கார் நம்பர் யூ.வி.எஸ். என்று ஆரம்பித்தால் அது அவர்களுடைய வண்டி என்பது ஊருக்கே தெரியும். கூட்டத்துக்கு நடுவில் ஆளைப் பிடித்து டிக்கியில் போட்டு மூடிவிட்டுப் போவார்கள். யாரும் பார்க்கக் கூடாது என்ற எண்ணமே அவர்களுக்குக் கிடையாது.

எங்கள் அலுவலகத்தில் ஓய்வுக்குப் பிறகும் வேலைக்கு வந்துகொண்டிருந்த ஒரு பெரியவர் இருந்தார். அவருடைய அண்ணன் அப்படித்தான் போனார். காரணம் அரசியல் இல்லையாம், நிலத்தகராறாம். எதிராளிக்கு ராணுவத்தில் தெரிந்தவர் ஒருவர் இருந்திருக்கிறார், அவ்வளவுதான். “அமீனுக்கு என் அண்ணன் யாரென்றே தெரியாது” என்றார் பெரியவர். கடன் கொடுத்தவர், பழைய காதலர், பதவி உயர்வுக்குப் போட்டியிடுபவர் என்று யார் வேண்டுமானாலும் யாரையும் மாட்டிவிடலாம் என்ற நிலை. வாயைப் பொத்திக்கொண்டு இருந்தால் பிழைத்துக்கொள்ளலாம் என்ற உத்தரவாதம்கூட இல்லை.

உடலைத் தேடிக் கொடுக்கிறோம் என்று அதே ஆட்களே குடும்பத்திடம் பணம் பறித்ததும் உண்டு. கம்பாலாவுக்கு வெளியே நமன்வே காடு, ஜிஞ்சா பக்கம் நைல் நதி, தேடுகிறவர்கள் போகும் இடங்கள் இவைதான். உடல் கிடைக்காவிட்டால் மனைவி விதவையா இல்லையா என்று ஊரும் சொல்லாது, வங்கியும் சொல்லாது. காணாமல் போனவர்களின் சொத்தை நிர்வகிக்க 1973இல் அமீன் அரசே தனிச் சட்டம் போட்டது. ஆளைத் தூக்குவதும் அரசு, அவர் வீட்டுக் கணக்கை முடித்து வைக்கப் படிவம் கொடுப்பதும் அரசு. எனக்கு அந்த ஆட்சியிலேயே மிகவும் திகிலான விஷயம் இதுதான், ஃப்ரிட்ஜ் தலைக் கதைகள் இல்லை.

வெளிநாடுகளின் நெருக்கடியால் 1974இல் காணாமல் போனவர்களைப் பற்றி விசாரிக்க ஒரு கமிஷனும் வந்தது. நீதிபதி முகமது சயீத் தலைமை. அந்த பயத்திலும் மனைவிமார்கள் துணிந்து வந்து சாட்சி சொன்னார்கள். 308 பேர் காணாமல் போனது பதிவானது. மேலே சொன்ன இரண்டு அமைப்புகளின் பெயரும் அறிக்கையிலேயே இருந்தது. அமீன் அதை வெளியிடவில்லை. ஆள் தூக்குவதும் நிற்கவில்லை.

சரி, சாப்பாட்டுக்கு என்ன செய்தார்கள்? 1972 ஆகஸ்டில் ஆசியர்களுக்கு 90 நாள் கெடு வைத்து வெளியேற்றினார் அமீன். பெரும்பாலும் குஜராத்திகள். அதற்குப் ‘பொருளாதாரப் போர்’ என்று பெயர் சூட்டினார். கடைகளை ராணுவத்தினரும் அவர்களுக்கு வேண்டியவர்களும் பிரித்துக்கொண்டார்கள். சட்டைக் காலரில் இருந்த அளவை விலை என்று நினைத்து விற்ற புதிய முதலாளிகளைப் பற்றி கம்பாலாவில் இன்னும் சொல்லிச் சிரிப்பார்கள். சரக்கு தீர்ந்ததும் கடையைப் பூட்டிவிட்டார்கள். கக்கிரா, லுகாசி கரும்பாலைகள் படுத்தன. கரும்பு விளையும் நாட்டில் சர்க்கரைக்கு க்யூ. உப்பு, சோப்பு, மண்ணெண்ணெய் எல்லாவற்றுக்கும் அதே கதைதான். சோப்பு இல்லாமல் பப்பாளி இலையைக் கசக்கித் துணி துவைத்ததாகப் பெரியவர் சொன்னார். பட்டினிச் சாவு பெரிதாக இல்லாமல் காப்பாற்றியது வீட்டுக்குப் பின்னால் இருந்த மட்டோக்கே என்ற சமையல் வாழைத் தோட்டம். சம்பளத்தை நம்பிய நகரத்து ஆட்கள்தான் முதலில் நொடித்தார்கள்.

மிச்சமெல்லாம் மகெண்டோ, அதாவது கள்ளச்சந்தை. 1975இல் பிரேசிலில் உறைபனி காப்பியைக் கருக்கியதும் உலக விலை எகிறியது. அரசு கொடுத்த அற்ப விலைக்குப் போடாமல், காப்பியை இரவோடு இரவாகக் கென்யாவுக்குக் கடத்தினார்கள். மாட்டினால் சுடுவார்கள் என்று தெரிந்தும் போனார்கள். அதே சமயம், லண்டன் பக்கமிருந்து எண்டெபேக்கு விமானம் நிறைய விஸ்கி வந்து ராணுவ அதிகாரிகளுக்கு இறங்கிக்கொண்டிருந்தது.

பெண்கள் மினி ஸ்கர்ட் போடத் தடை, பிறகு விக்கும் பேன்ட்டும் போடத் தடை. எது எப்போது குற்றமாகும் என்பது ரேடியோவைப் போட்டால்தான் தெரியும். மந்திரிகளே தங்கள் பதவி போனதை ரேடியோவில் கேட்டுத் தெரிந்துகொண்ட நாடு அது.

1979 ஏப்ரலில் தான்சானியப் படை கம்பாலாவுக்குள் வந்து அமீன் ஓடினார். செத்தவர்கள் எத்தனை பேர் என்பதற்கு 80,000 முதல் 5 லட்சம் வரை மதிப்பீடுகள் உண்டு. மூன்று லட்சம் என்பதுதான் அதிகம் சொல்லப்படுவது. அமீன் எந்த நீதிமன்றத்திலும் நிற்காமல் 2003இல் ஜெத்தாவில் இறந்தார்.

“ஆசியர்களை விரட்டி ஆப்பிரிக்கனுக்குக் கடை கொடுத்தவர்” என்று அவரைப் புகழும் இளைஞர்களையும் கம்பாலாவில் பார்த்திருக்கிறேன். பிரிட்டிஷ்காரன் போட்ட ஏற்பாட்டில் வியாபாரம் பெரும்பாலும் ஆசியர் கையில் இருந்ததும், அதில் உகாண்டாக்காரர்களுக்கு நியாயமான ஆத்திரம் இருந்ததும் உண்மைதான். ஆனால் அந்த ஆத்திரத்தைக் காட்டி வாங்கிய கடை எதுவும் சந்தையில் மட்டோக்கே விற்றவர் கைக்குப் போகவில்லை.