சட்டம் கேளுங்கள்: நடிகையின் போலிப் படத்தைப் பகிர்வது குற்றமா?

கேள்வி: எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் உறவினர் ஒருவர், ஒரு நடிகையின் ஆபாசப் படத்தைப் போட்டு, 'இது டீப்ஃபேக்தான், சும்மா வேடிக்கைக்கு' என்றும் எழுதியிருந்தார். நான் ஆட்சேபித்தபோது, பொய்யென்று எல்லோருக்கும் தெரிந்த படத்தால் யாருக்கு என்ன நட்டம் என்று கேட்கிறார். சட்டம் என்ன சொல்கிறது?
- வாசகி, தென்காசி

பதில்: தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67, 67ஏ பிரிவுகள், படம் உண்மையா பொய்யா என்று கேட்பதே இல்லை; ஆபாசமான ஒன்றை மின்னணு வடிவில் வெளியிட்டாரா, அனுப்பினாரா என்றுதான் கேட்கின்றன. முதல் முறை என்றாலும் 67-இன் கீழ் 3 ஆண்டு வரையிலும், பாலியல் செயலை வெளிப்படையாகக் காட்டும் படமானால் 67ஏ-இன் கீழ் 5 ஆண்டு வரையிலும் சிறைத் தண்டனை உண்டு, அபராதம் தனி. 'போலி' என்று எழுதிவிட்டதால் உங்கள் உறவினர் தப்ப முடியாது.

நட்டம் யாருக்கு என்ற கேள்விக்கு, ராஷ்மிகா மந்தனாவுக்கு 2023-இல் நேர்ந்ததே விடை. பிரிட்டனில் வாழும் இந்திய வம்சாவளிப் பெண் ஒருவர், லிஃப்டுக்குள் நுழையும் தம்முடைய காணொளியைத் தம் பக்கத்தில் வெளியிட்டிருந்தார். அதில் ராஷ்மிகாவின் முகத்தைப் பொருத்தி யாரோ பரப்பினார்கள். கூர்ந்து பார்த்தால் தொடக்கத்தில் ஒரு கணம் அசல் பெண்ணின் முகம் தெரியும். அந்த ஒரு கணத்தை எத்தனை பேர் கவனித்திருப்பார்கள்? இதுவே பள்ளியிலோ கல்லூரியிலோ படித்த காலத்தில் நடந்திருந்தால் எப்படிச் சமாளித்திருப்பேன் என்று நினைத்துக்கூடப் பார்க்க முடியவில்லை என்று ராஷ்மிகா அப்போது எழுதினார். டெல்லி காவல்துறை வழக்குப் பதிந்து, 2024 ஜனவரியில் குண்டூரைச் சேர்ந்த ஓர் இளம் பொறியாளரைக் கைது செய்தது. அவர் நடத்தி வந்தது, வேடிக்கையைப் பாருங்கள், ராஷ்மிகாவுக்கான ரசிகர் பக்கம். அதற்கு ஆள் சேர்க்கவே அந்தக் காணொளியைச் செய்ததாகக் காவல்துறை கூறியது.

'நான் உருவாக்கவில்லை, வந்ததை அனுப்பினேன்' என்பதும் எடுபடுவது கடினம். பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் பதிவைப் பகிர்ந்த வழக்கில், கண்ணில் மருந்து விட்டிருந்ததால் படிக்காமல் பகிர்ந்துவிட்டதாக நடிகர் எஸ்.வி. சேகர் தரப்பு சொன்ன விளக்கத்தை உச்ச நீதிமன்றம் 2023-இல் ஏற்கவில்லை. வழக்கை ரத்து செய்யவும் மறுத்துவிட்டது.

பாதிக்கப்பட்டவருக்கு முதலில் வேண்டியது தண்டனையல்ல, படம் மறைவது. ஒருவரை ஆபாசமாகக் காட்டும் படத்தையோ, உருமாற்றிய படத்தையோ பற்றி அவரோ அவர் சார்பில் வேறொருவரோ புகார் செய்தால், 24 மணி நேரத்துக்குள் சமூக ஊடக நிறுவனம் நீக்க வேண்டும் என்று 2021-ஆம் ஆண்டு விதிகள் கூறின; பின்னர் வந்த திருத்தம் இந்தக் கெடுவை மேலும் சுருக்கியிருக்கிறது. இதற்கு மேல் உயர் நீதிமன்றத்தில் தடை கோரலாம். தம் பெயரையும் உருவத்தையும் பிறர் பயன்படுத்துவதைத் தடுக்கும் உரிமையை ரஜினிகாந்துக்கு 2015-இல் சென்னை உயர் நீதிமன்றமும், ஐஸ்வர்யா ராய்க்கு 2025-இல் டெல்லி உயர் நீதிமன்றமும் உறுதி செய்தன. ஆனால் இது நட்சத்திரங்களுக்குக் கட்டுப்படியாகும் வழி. சின்னத்திரையில் நாள் சம்பளத்துக்கு நடிக்கும் பெண் மூத்த வழக்கறிஞரை அமர்த்தி டெல்லிக்குப் போக முடியாது. பெண் வழக்கறிஞர் ஒருவரின் அந்தரங்கக் காணொளிகள் பரவிய வழக்கில், 48 மணி நேரத்துக்குள் அவற்றை அகற்ற நடவடிக்கை எடுக்குமாறு சென்னை உயர் நீதிமன்றம் 2025 ஜூலையில் மத்திய அரசுக்கு உத்தரவிட்டதை அதனால்தான் நான் பெரிதாக மதிக்கிறேன். அங்கே வழக்காடியவர் நட்சத்திரமல்ல.

நீங்கள் செய்யக்கூடியது: எச்சரிக்கைக்காகக்கூட அந்தப் படத்தை வேறு எவருக்கும் அனுப்பாதீர்கள். அனுப்பிய எண், நாள், நேரம், இணைப்பு இருந்தால் அதன் முகவரி ஆகியவற்றைக் குறித்துக்கொண்டு, தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்தில் பெண்கள், குழந்தைகள் தொடர்பான பிரிவில் பதியுங்கள். அங்கே பெயர் தெரிவிக்காமலும் புகார் தரலாம் என்பதால், உறவு முறியுமோ என்ற தயக்கம் வேண்டாம்.