கற்பனைக் கதைகளில் வரும் ஒளிரும் ஆறு நிஜத்தில் சாத்தியமா?

கடலில் இது நடக்கிற விஷயம்தான். டைனோஃபிளாஜெல்லேட் என்ற நுண்ணுயிரிகளில் சில வகைகள், நீர் அசைந்தால் நீல ஒளி விடும். லூசிஃபெரின் என்ற பொருள் ஆக்சிஜனோடு வினைபுரிவதுதான் காரணம். கையை விட்டு அளைந்தால் விரல்களைச் சுற்றி மினுங்கும், நிறுத்தினால் அணைந்துவிடும். கதையில் வருகிற மாதிரி ராத்திரி முழுக்க ஜொலிக்காது.

சரி, ஆறு? அங்கேதான் சிக்கல். இந்த வகைகளுக்கு உப்பு வேண்டும். நன்னீரில் ஒளிரும் உயிர்கள் மிக அபூர்வம். நியூசிலாந்து ஓடைகளில் லாட்டியா என்ற குட்டி நத்தை, சீண்டினால் பச்சையாக ஒளிரும் சளியை விடும். அதை வைத்து ஆறு முழுக்க வெளிச்சம் போட முடியுமா என்ன!

ஜமைக்காவில் மார்த்தா பிரே ஆறு கடலோடு கலக்கும் காயல் இரவில் ஒளிர்கிறது. கதை எழுதுகிறீர்கள் என்றால் அப்படி ஒரு கழிமுகத்தை வையுங்கள். நன்னீர்தான் வேண்டுமென்றால் மந்திரத்தைத் தாராளமாகச் சேர்த்துக்கொள்ளலாம்.